தூக்குப்போசி மிதந்து போன தூரம்

ஞாயிற்றுக்கிழமை காலையில் எங்கள் வீட்டு மொட்டைமாடியில் ஏழெட்டுப் பேர் பாய் விரித்து உட்காருவார்கள். வங்கித் தேர்வுக்கும் ரயில்வே தேர்வுக்கும் படிக்கிற பிள்ளைகள். நான் ஆசிரியை இல்லை. ஓர் அலுவலகத்தில் கணக்குப் பிரிவில் வேலை பார்க்கிறேன். இதே மாதிரித் தேர்வுகளை எழுதித்தான் அந்த வேலைக்கு வந்தேன். அதனால் தெரிந்ததைச் சொல்லிக்கொடுக்கிறேன், காசு வாங்குவதில்லை. சதவீதம், வட்டி, ஆட்களும் வேலையும் எல்லாம் தடங்கலில்லாமல் போகும். படகுக் கணக்கு வந்ததும் மாடியில் பேச்சு அடங்கிவிடும்.

இரண்டு மாதத்துக்கு முன்பு ஒரு பெண் தன் நோட்டின் கடைசிப் பக்கத்தைத் திறந்து காட்டினாள். படகுக்கென்று மட்டும் பதினோரு சூத்திரங்கள். சிவப்பு மையில் கட்டம் கட்டி, அழகான கையெழுத்தில் எழுதியிருந்தாள். "சூத்திரமெல்லாம் மனப்பாடம்க்கா. எந்தக் கணக்குக்கு எதைப் போடணும்னுதான் தெரியல" என்றாள்.

அந்தப் பக்கத்தை எனக்கு நன்றாகத் தெரியும். என்னிடமும் அப்படி ஒன்று இருந்தது. பயிற்சி வகுப்பில் எனக்கு எழுதிப்போட்டது அப்படித்தான்: டவுன்ஸ்ட்ரீம் (ஓட்டத்தோடு) என்றால் கூட்டு, அப்ஸ்ட்ரீம் (ஓட்டத்தை எதிர்த்து) என்றால் கழி, இரண்டையும் கூட்டிப் பாதியாக்கினால் படகு, கழித்துப் பாதியாக்கினால் ஆறு. ஏன் என்று யாரும் கேட்கவில்லை, நானும் கேட்கவில்லை. இத்தனைக்கும் என் அம்மாவின் அப்பா, எங்கள் பேச்சில் அப்புச்சி, காவிரியில் பரிசல் போட்டவர். கொடுமுடிக்குக் கீழே ஆற்றோரம் ஒரு சின்ன ஊர். பள்ளி விடுமுறை முழுக்க அந்தப் பரிசலில்தான் கழிந்தது. ஆற்றில் உட்கார்ந்து வளர்ந்த எனக்கே வகுப்பறையில் ஆறு வெறும் கூட்டல் கழித்தல் குறியாகிப் போயிருந்தது என்பதை நினைத்தால் இன்றைக்கும் வருத்தமாக இருக்கிறது.

எனக்கு அப்போது ஒன்பது வயது இருக்கும். அப்புச்சியோடு பரிசலில் ஆற்றுக்கு மேலே, அதாவது எதிர்த் திசையில் போய்க்கொண்டிருந்தேன். மதியச் சோறு ஒரு அலுமினியத் தூக்குப்போசியில் இருந்தது. பரிசல் லேசாகச் சுழன்றபோது என் கை பட்டு அது தண்ணீரில் விழுந்துவிட்டது. மூடி இறுக்கமாக இருந்ததால் மூழ்கவில்லை. பாதி உடம்பு வெளியே தெரிய மிதந்தது. நான் கத்தினேன். அப்புச்சி திரும்பிப் பார்த்தார். துடுப்பை நிறுத்தவில்லை. முன்னால் ஒரு வலையைக் கட்டிவிட்டு வந்திருந்தார், அதைப் பார்த்துவிட்டுத்தான் திரும்புவதாக இருந்தார். "ஓடிப் போயிரும் அப்புச்சி" என்று அழுதேன். அவர் சொன்னது இது: "எங்கீம் போவாது கண்ணு. அது அங்கயேதான் இருக்குது."

சமாதானத்துக்குச் சொல்கிறார் என்றுதான் அன்றைக்கு நினைத்தேன். ஒரு படகுக் கணக்கின் முழு விடையையும் சொல்லியிருக்கிறார் என்று புரிய எனக்கு இன்னும் பதினைந்து வருடம் ஆனது.

சரி, அடிப்படையிலிருந்தே வருகிறேன். ஓடாத தண்ணீரில் ஒரு படகு மணிக்கு 7 கி.மீ. போகும் என்று வைத்துக்கொள்வோம். "நிலையான நீரில் படகின் வேகம்" என்று வினாத்தாளில் வருவது இதைத்தான். பிள்ளைகளுக்கு இந்தச் சொற்றொடரே ஒரு தடை. நிலையான நீரில் எதற்குப் படகு ஓட்ட வேண்டும், ஆற்றைப் பற்றித்தானே பேசுகிறோம் என்று குழம்புகிறார்கள். அவர்களிடம் நெருஞ்சிப்பேட்டைக்கும் பூலாம்பட்டிக்கும் நடுவே காவிரியைப் பார்க்கச் சொல்வேன். அங்கே கதவணை கட்டித் தண்ணீரைத் தேக்கியிருப்பதால் ஆறு ஏரி மாதிரி அகன்று கிடக்கும். இந்தக் கரைக்கும் அந்தக் கரைக்கும் விசைப்படகு போய் வரும். அங்கே படகுக்கு என்ன வேகமோ அதுதான் படகின் சொந்த வேகம். அதே படகை மணிக்கு 1 கி.மீ. ஓடுகிற தண்ணீரில் விட்டால், ஓட்டத்தோடு போகும்போது கரையில் நிற்பவர் கண்ணுக்கு 8, எதிர்த்துப் போகும்போது 6.

இங்கே முக்கியமான சொல் "கரையில் நிற்பவர் கண்ணுக்கு" என்பது. படகு ஒருநாளும் 8-இல் போகவில்லை, 6-இலும் போகவில்லை. அது தண்ணீரைத் தள்ளிக்கொண்டு எப்போதும் 7-இல்தான் போகிறது. தண்ணீர் ஒரு பெரிய ஜமக்காளம், அதன்மேல் ஓர் எறும்பு ஊர்கிறது, ஜமக்காளத்தை யாரோ மெதுவாக இழுத்துக்கொண்டே போகிறார்கள். எறும்பின் நடை மாறவில்லை. தரையில் அது கடக்கிற தூரம்தான் மாறுகிறது.

இது மனசில் பதிந்துவிட்டால் அந்தப் "பாதியாக்கு" சூத்திரத்துக்குத் தேவையே இருக்காது. ஒரு படகு 24 கி.மீ. தூரத்தை ஓட்டத்தோடு 3 மணி நேரத்திலும் எதிர்த்து 4 மணி நேரத்திலும் கடக்கிறது என்றால் வேகங்கள் 8, 6. ஒருமுறை ஆறு எவ்வளவு கொடுத்ததோ, மறுமுறை அதே அளவைப் பிடுங்கிக்கொண்டது. அப்படியானால் படகு நடுவில் இருக்கிறது: 7. ஆறு அந்த நடுவிலிருந்து எவ்வளவு தள்ளியது? 1. இரண்டு எண்களுக்கு நடுப்புள்ளி எது என்று ஆறாம் வகுப்புப் பிள்ளையைக் கேட்டாலும் சொல்லும்.

"எதிர்த்துப் போக இரண்டு மடங்கு நேரம் ஆகிறது, படகு வேகத்துக்கும் ஓட்டத்துக்கும் என்ன விகிதம்" என்ற கேள்வியும் இதே வீட்டுப் பிள்ளைதான். நேரம் இரண்டு மடங்கு என்றால் வேகம் பாதி. வேகங்கள் 4, 2 என்று வைத்துக்கொண்டால் நடுவில் 3, தள்ளியது 1. விடை 3-க்கு 1. மூன்று மடங்கு நேரம் என்றால் வேகங்கள் 3, 1; நடுவில் 2, தள்ளியது 1. பேனா எடுக்க வேண்டியதில்லை.

இதுவரை சுலபம். இனி வருவதில்தான் நல்ல பிள்ளைகளும் வழுக்குகிறார்கள்.

ஓட்டத்தோடு போகும்போது கொடுத்ததை வரும்போது ஆறு எடுத்துக்கொள்கிறது, அப்படியானால் போய் வர மொத்தம் ஆகிற நேரம், ஓடாத தண்ணீரில் போய் வருகிற நேரத்துக்குச் சமம்தானே? மாடியில் கேட்டால் பாதிப் பேர் ஆமாம் என்று கை தூக்குவார்கள். கணக்குப் போட்டுப் பார்ப்போம். படகின் சொந்த வேகம் 6. போக 8 கி.மீ., வர 8 கி.மீ. ஓடாத நீரில் 16 கிலோமீட்டருக்கு 2 மணி 40 நிமிடம். ஓட்டம் 2 என்றால், போக 1 மணி, வர 2 மணி, மொத்தம் 3 மணி. ஓட்டம் 4 ஆனால் போக 48 நிமிடம், வர 4 மணி. ஓட்டம் 5 ஆனால் போக ஏறக்குறைய 44 நிமிடம், வர 8 மணி நேரம். ஓட்டம் 6 ஆகிவிட்டால் போனவர் திரும்பவே முடியாது.

ஓட்டம் 4-இலிருந்து 5 ஆனபோது போகிற பாதையில் கிடைத்த லாபம் நான்கு நிமிடம். வருகிற பாதையில் நஷ்டம் நான்கு மணி நேரம். ஏன் இப்படி? கிலோமீட்டருக்குக் கிலோமீட்டர் ஆறு சமமாகத்தான் நடந்துகொள்கிறது என்று நாம் எண்ணுகிறோம். ஆனால் ஆறு நேரத்துக்குத்தான் சமம்: ஒவ்வொரு மணி நேரத்துக்கும் இத்தனை கிலோமீட்டர் தருகிறது அல்லது பிடுங்குகிறது. தருகிற பக்கத்தில் நாம் சீக்கிரம் கடந்துவிடுகிறோம், குறைவாகவே வாங்குகிறோம். பிடுங்குகிற பக்கத்தில் நீண்ட நேரம் மாட்டிக்கொண்டு கிடக்கிறோம், அதிகமாகவே இழக்கிறோம். சராசரி வேகத்தை 8-க்கும் 4-க்கும் நடுவில் 6 என்று எழுதி மதிப்பெண் இழக்கிற பிள்ளைகள் எல்லோரும் இந்த இடத்தில்தான் தவறுகிறார்கள். இந்த ஒன்றைப் புரியவைக்க நான் முக்கால் மணி நேரம் செலவழிப்பேன். அவசரப்படுத்தினால் மறுவாரம் அதே தப்பு வரும்.

இந்தச் சின்னக் கணக்குக்கு ஒரு பெரிய வரலாறு உண்டு. படகு மணிக்கு 5, ஆறு மணிக்கு 3. ஒருவர் ஓட்டத்தோடு 1 கி.மீ. போய் எதிர்த்துத் திரும்புகிறார்: 7½ நிமிடமும் 30 நிமிடமும் சேர்ந்து 37½ நிமிடம். இன்னொருவர் 1 கி.மீ. அகலமுள்ள ஆற்றை நேர்குறுக்கே கடந்து புறப்பட்ட இடத்துக்கே திரும்புகிறார். ஓட்டம் இழுப்பதை ஈடுகட்ட அவர் கொஞ்சம் மேல்நோக்கிச் சாய்த்து ஓட்ட வேண்டும், குறுக்கே கிடைக்கிற வேகம் 4 (3, 4, 5 செங்கோண முக்கோணம்). போக வர 30 நிமிடம். தூரம் ஒன்றுதான், நேரம் ஒன்றில்லை. 1887-இல் அமெரிக்காவின் கிளீவ்லாந்தில் ஆல்பர்ட் மைக்கல்சனும் எட்வர்ட் மோர்லியும் செய்த புகழ்பெற்ற சோதனை, கருத்தளவில் இதே பந்தயம். வெளியெங்கும் ஈதர் என்று ஒன்று நிறைந்திருக்கிறது, பூமி அதனூடே விநாடிக்குச் சுமார் 30 கி.மீ. வேகத்தில் போகிறது, அதனால் நம்மைக் கடந்து ஈதர் ஓர் ஆறு மாதிரி ஓட வேண்டும் என்று அன்றைக்கு எண்ணினார்கள். ஒரு ஒளிக்கதிரை அந்த ஆற்றோடு போகவிட்டுத் திருப்பி, இன்னொன்றைக் குறுக்கே அனுப்பித் திருப்பி, இரண்டும் வந்து சேர்கிற நேரத்தில் வித்தியாசம் தெரிகிறதா என்று பார்த்தார்கள். எதிர்பார்த்த வித்தியாசம் இல்லை. ஒளியைப் பொறுத்தவரை அப்படி ஓர் ஆறே ஓடவில்லை. ஒளிக்கு இந்தக் கூட்டல் கழித்தல் செல்லாது என்பதை 1905-இல் ஐன்ஸ்டைனின் சார்பியல் கொள்கை சொன்னது. வங்கித் தேர்வில் ஒரு மதிப்பெண்ணுக்கு வருகிற கணக்கு இது என்று பிள்ளைகளுக்குச் சொல்லும்போது அவர்கள் முகத்தில் வருகிற மாற்றத்துக்காகவே இதை ஒவ்வொரு வருடமும் சொல்கிறேன்.

ஆற்றின் குறுக்கே போவது என்றதும் அப்புச்சி நினைவுக்கு வருகிறார். பாடப்புத்தகத்தில் ஆற்றைக் கடக்கிற கணக்கு இரண்டு விதமாக வரும்: மிகக் குறைந்த நேரத்தில் கடப்பது, நேர் எதிர்த் துறையில் போய் இறங்குவது. 300 மீட்டர் அகலம், படகு 5, ஓட்டம் 3 என்றால், துடுப்பை நேராக எதிர்க்கரையை நோக்கிப் போட்டால் 3.6 நிமிடத்தில் கரை வந்துவிடும், ஆனால் 180 மீட்டர் கீழே இறங்கியிருப்போம். நேர் எதிரே இறங்க வேண்டுமானால் சாய்த்து ஓட்டி 4½ நிமிடம் ஆகும். ஓட்டம் படகுக்குச் சமமாகவோ அதிகமாகவோ ஆகிவிட்டால், என்ன சாய்த்தாலும் நேர் எதிரே இறங்க முடியாது.

பரிசலுக்கு முன்னும் கிடையாது பின்னும் கிடையாது. மூங்கில் தப்பையில் பின்னின வட்டக் கூடை. முன்காலத்தில் தோல் போர்த்துவார்கள், இப்போது தார் பூசிய சாக்கோ பிளாஸ்டிக் தாளோ. ஒரு பக்கம் துடுப்புப் போட்டால் அது தன்னைத்தானே சுற்ற ஆரம்பிக்கும். சாய்த்து ஓட்டுவது விசைப்படகுக்குச் சரி, பரிசலுக்கு அது பெரும்பாடு. ஆற்றில் தண்ணீர் கூடின நாளில் அப்புச்சி என்ன செய்வார் தெரியுமா? பரிசலைத் தலைமேல் கவிழ்த்துக்கொண்டு கரையோரமாகவே மேலே நடப்பார். ஓர் இடத்தில் நின்று தண்ணீரைப் பார்ப்பார். ஒரு குச்சியையோ வேப்பங்கொத்தையோ எறிவார். இன்னும் கொஞ்ச தூரம் நடப்பார். அப்புறம்தான் பரிசலை இறக்குவார். நேரே குறுக்காகத் துடுப்புப் போடுவார், ஆறு எங்களை இழுத்துக்கொண்டே போகும், கடைசியில் பரிசல் எதிர்த் துறையின் கல்படியில் வந்து இடிக்கும். "ஆத்தோட மல்லுக்கட்டப்படாது கண்ணு. அதுக்கு உண்டானதை மொதல்லயே குடுத்துப்போடோணும்" என்பார். அந்த 180 மீட்டரைத்தான் அவர் முன்கூட்டியே நடந்து தீர்த்திருக்கிறார். சாய்த்து ஓட்டுவதா நேராக ஓட்டுவதா என்று புத்தகம் கேட்கிற கேள்விக்கு அவரிடம் மூன்றாவதாக ஒரு பதில் இருந்தது.

அந்தக் குச்சியைப் பற்றியும் சொல்ல வேண்டும். சும்மா மிதக்கிற எதற்கும் சொந்த வேகம் கிடையாது, அதன் வேகம் அப்படியே ஆற்றின் வேகம். ஆடிப்பெருக்கு அன்றைக்கு வாழை மட்டையில் விளக்கேற்றி விடுகிறோமே, அது 30 மீட்டர் தூரத்தை 40 விநாடியில் கடந்தால் விநாடிக்கு 0.75 மீட்டர், மணிக்கு 2.7 கி.மீ. நீரியல் பொறியாளர்களும் கருவி இல்லாத இடத்தில் மிதவையை விட்டுத்தான் அளக்கிறார்கள். மேல்மட்டத்தில் ஓட்டம் கொஞ்சம் அதிகம் என்பதால், கிடைத்த வேகத்தை ஏறத்தாழ 0.85-ஆல் பெருக்கிச் சராசரியை எடுப்பார்கள். அடியில் தரை உரசுகிறது, ஓரத்தில் கரை உரசுகிறது, அங்கெல்லாம் தண்ணீர் மெதுவாகப் போகும். அதனால்தான் எதிர்த்துப் போகிற பரிசல்காரர் கரையை ஒட்டிப் போவார், இறங்கி வருகிறவர் நடு ஆற்றைப் பிடிப்பார். வினாத்தாள் ஆற்றுக்கு ஒரே வேகம்தான். உண்மையான ஆற்றுக்கு அப்படியில்லை. இதைப் பிள்ளைகளிடம் மறைக்காமல் சொல்லிவிடுவது நல்லது. கணக்கு ஆற்றை எளிமையாக்கிப் பார்க்கிறது என்று தெரிந்தால் அதன்மேல் பயம் குறைகிறது.

மிதக்கிற பொருள் எதிர்த்துப் போகாது என்பது நம் ஊரில் எவ்வளவு ஆழமாகப் பதிந்த அறிவு என்பதற்குத் திருவேடகம் சாட்சி. சமணரோடு நடந்த புனல் வாதத்தில் திருஞானசம்பந்தர் வைகையில் விட்ட ஏடு ஓட்டத்தை எதிர்த்து மேலேறிப் போய்ச் சேர்ந்த இடம் என்பது அந்த ஊரின் ஐதீகம். ஏடு தண்ணீரோடு போயிருந்தால் அது செய்தியே இல்லை. சொந்த வேகம் சுழியம் உள்ள ஒன்று மேலே ஏறியது என்பதால்தான் அது அற்புதமாகச் சொல்லப்படுகிறது.

இன்னொன்று, செய்தித்தாளில் தினமும் படிக்கிற "விநாடிக்கு இத்தனை ஆயிரம் கன அடி". அது வேகம் இல்லை, அளவு. ஆனால் வேகத்தை அதிலிருந்து எடுக்கலாம். ஆறு ஓரிடத்தில் 1,000 அடி அகலம், சராசரி 10 அடி ஆழம் என்று வைத்துக்கொண்டால் குறுக்குவெட்டு 10,000 சதுர அடி. அதில் விநாடிக்கு 20,000 கன அடி போக வேண்டுமென்றால் தண்ணீர் விநாடிக்கு 2 அடி நகர வேண்டும், அதாவது மணிக்குச் சுமார் 2.2 கி.மீ. அதே 20,000 கன அடி, ஒகேனக்கல் மாதிரி பாறை நெருக்குகிற இடத்தில் குறுகின வாய்க்குள் போக வேண்டும் என்றால் வேகம் பல மடங்காகும். நீர்வரத்து கூடியதும் அங்கே பரிசல் இயக்கத் தடை என்று செய்தி வருகிறதே, அதன் காரணம் இந்த வகுத்தலுக்குள் இருக்கிறது. 2021-இலும் 2023-இலும் மேட்டூர் அணையிலிருந்து பாசனத்துக்குத் தண்ணீர் திறந்தது ஜூன் 12. கல்லணை திறந்தது ஜூன் 16. நடுவில் சுமார் 200 கி.மீ. நான்கு நாள் என்று வைத்தால் மணிக்கு 2 கி.மீ.யைவிடக் கொஞ்சம் அதிகம். வறண்ட மணல் குடித்தது போக, கதவணைகளில் நின்று வந்தது போக, காவிரி நிதானமாக நடந்து வந்திருக்கிறது. டெல்டாவில் நாற்றங்காலைத் தயார் செய்துவிட்டுக் காத்திருக்கிறவர்கள் வருடாவருடம் போடுகிற காலமும் தூரமும் கணக்கு இது.

இப்போது தூக்குப்போசிக்கு வருகிறேன்.

மாடியில் அந்தப் பெண்ணிடம் கணக்கை இப்படிச் சொன்னேன். ஒரு பரிசல் எதிர்நீரில் போகிறது. ஒரு வேப்பமரத்துக்கு நேரே வரும்போது தூக்குப்போசி விழுகிறது. பரிசல்காரர் நிற்காமல் இன்னும் 15 நிமிடம் மேலே போகிறார். பிறகு திரும்பி, அதே வலுவில் துடுப்புப் போட்டு வருகிறார். வேப்பமரத்துக்கு 1 கி.மீ. கீழே போசியைப் பிடிக்கிறார். ஆற்றின் வேகம் என்ன?

அவள் உடனே கடைசிப் பக்கத்துக்குப் போனாள். படகின் வேகம் தரப்படவில்லையே என்றாள். படகுக்கு ஒரு எழுத்து, ஆற்றுக்கு ஒரு எழுத்து, திரும்பி வருகிற நேரத்துக்கு ஒரு எழுத்து என்று மூன்று தெரியாதவை. அவள் விடாமல் எழுதினாள். மேலே போன தூரம், கீழே வந்த தூரம், போசி மிதந்த தூரம். அரைப்பக்கம் தாண்டியதும் படகின் எழுத்து இரண்டு பக்கமும் அடிபட்டு, திரும்பி வந்த நேரம் 15 நிமிடம் என்று வந்தது. சரியான விடை. ஆனால் அவள் முகம் தெளியவில்லை. "போக 15, வர 15. எதிர்நீரில் போய்த் தண்ணியோட வந்தா நேரம் எப்படிக்கா ஒண்ணாகும்?"

நல்ல கேள்வி. கொஞ்ச நேரம் முன்புதான் போக 1 மணி, வர 2 மணி என்று பார்த்திருந்தோம்.

அதற்குத்தான் அப்புச்சி சொன்ன பதில்: அது அங்கயேதான் இருக்குது. கரையில் உட்கார்ந்து பார்த்தால் போசி ஓடுகிறது. தண்ணீரில் உட்கார்ந்து பார். போசி அசையவே இல்லை; விழுந்த தண்ணீரில் அப்படியே கிடக்கிறது. பரிசல் அதைவிட்டு 15 நிமிடம் தன் சொந்த வேகத்தில் விலகிப் போனது, அதே சொந்த வேகத்தில் திரும்பி வந்தால் அதே 15 நிமிடம். இது ஒரு குளத்தில் நடப்பது மாதிரிதான். நகர்ந்தது கரையும் வேப்பமரமும். ஆக மொத்தம் 30 நிமிடத்தில் போசிக்கும் மரத்துக்கும் நடுவே 1 கி.மீ. இடைவெளி விழுந்திருக்கிறது. ஆறு மணிக்கு 2 கி.மீ.

முன்பு போட்ட கணக்கில் ஏன் நேரம் மாறியது? அங்கே படகு ஒரு துறையிலிருந்து இன்னொரு துறைக்குப் போனது. துறை கரையோடு கட்டியிருக்கிறது. தண்ணீரில் உட்கார்ந்தவர் கண்ணுக்கு, இறங்கிப் போகும்போது துறை நம்மை நோக்கி ஓடி வருகிறது, திரும்பும்போது நம்மைவிட்டு விலகி ஓடுகிறது. இங்கே தேடுகிற பொருளே தண்ணீரோடு இருக்கிறது. அதனால் எந்தப் படகுக் கணக்கைப் படித்தாலும் முதலில் கேட்க வேண்டியது இந்த ஒரு கேள்வி: இதில் வருகிற பொருட்கள் கரையில் கட்டியவையா, தண்ணீரில் கிடப்பவையா? ஊர், துறை, பாலம் என்றால் கரையில் உட்கார். படகும் படகும், படகும் மிதவையும் என்றால் தண்ணீரில் உட்கார். என் அனுபவத்தில் அந்தப் பதினோரு சூத்திரங்களும் செய்கிற வேலையை இந்த ஒரு கேள்வி செய்துவிடும்.

உடனே ஒன்று கொடுத்தேன். 36 கி.மீ. இடைவெளியில் இரண்டு படகுகள் ஒன்றையொன்று நோக்கி வருகின்றன. நிலையான நீரில் ஒன்றின் வேகம் 10, மற்றொன்று 8. ஓட்டம் 3. எப்போது சந்திக்கும்? மற்ற பிள்ளைகள் 13, 5 என்று எழுத ஆரம்பித்தார்கள். அவள் மட்டும் நோட்டைத் தொடவில்லை. "ரெண்டு மணி நேரம்" என்றாள். பிறகு, "அந்த மூணு எதுக்குக்கா குடுத்திருக்காங்க?" என்று கேட்டாள். இரண்டு படகும் தண்ணீரில்தான் இருக்கின்றன, ஆறு எவ்வளவு ஓடினாலும் இரண்டையும் சேர்த்தேதான் இழுக்கும். அந்த 3 அவசரப்படுகிறவர்களைத் திசை திருப்ப வைத்தது. வேகமாக எழுதிய பையனுக்கும் 13-ஐயும் 5-ஐயும் கூட்டி 18, அதே இரண்டு மணி நேரம்தான் வந்தது. வராமல் எங்கே போகும்?

போன வாரம் அவள் சந்தேகம் கேட்க வரவில்லை, புதுக் கணக்கோடு வந்திருந்தாள். நகரும் படிக்கட்டில் எதிர்த்து ஏறுகிற ஒருவர், பையில் இருந்து விழுந்த ஒரு எலுமிச்சம்பழம், அது விழுந்த படியிலேயே தங்கிவிடுகிறது. அவளே எண்களைப் போட்டு அமைத்தது. மற்றவர்களுக்கு அதைக் கொடுத்துவிட்டு என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

"அக்கா, அன்னிக்கு உங்க தூக்குப்போசி கெடச்சுதா?"

கிடைத்தது. அப்புச்சி வலையைப் பார்த்து முடித்து, ரெண்டு கெண்டையைப் பரிசலில் போட்டுக்கொண்டு, சாவகாசமாகத் திரும்பினார். ஒரு திருப்பத்துக்குக் கீழே நாணல் புதருக்கு வெளியே போசி எங்களுக்கு முன்னால் மிதந்துகொண்டிருந்தது. துடுப்பின் தட்டையால் மெல்ல இழுத்து எடுத்தார். மூடியைத் திறக்க அவருக்கே கொஞ்சம் பலம் வேண்டியிருந்தது. உள்ளே கம்மஞ்சோறும் மோரும் ஒரு சொட்டு ஆற்றுத் தண்ணீர் படாமல் இருந்தது.

பரிசலை அப்படியே ஓட்டத்தில் விட்டுவிட்டு, துடுப்பை மடியில் வைத்துக்கொண்டு, இரண்டு பேரும் சாப்பிட்டோம். கரை பின்னால் போய்க்கொண்டிருந்தது.